எலி பார்த்தாச்சு

எலிக்கு ரப்பர்னா ரொம்பப் பிடிக்கும். நிறையப் பேருக்கு இது தெரியாது, ரொட்டித் துண்டு, தானியம்னுதான் நினைச்சுக்கிட்டு இருப்பாங்க. எங்க யார்டுல வந்து கொஞ்ச நாள் உட்கார்ந்து பாருங்க சார். ஒயர் மேல இருக்கற உறை, கண்ணாடி ஓரத்துப் பட்டை, டியூப், சீட்டுக்குள்ள பஞ்சு, ஒண்ணையும் விட்டு வைக்காது. பசிக்காகக் கடிக்கறது கம்மிதான். அதுக்குப் பல்லு வளர்ந்துகிட்டே இருக்குமாம், எதையாவது கடிச்சுத் தேய்க்கலைன்னா வாயை மூட முடியாதாம். அதனால எலியை நான் குத்தம் சொல்றதில்லை.

நேரா விஷயத்துக்கு வர்றேன். எழுதுறவர் நிதானமா எழுதட்டும், எனக்கு அவசரம் ஒண்ணும் இல்லை. என்னை யாரும் கூப்பிடலை, யாரும் மிரட்டலை, நானாத்தான் வந்து உட்கார்ந்திருக்கேன். அதை முதல்லயே போட்டுக்கோங்க. பின்னாடி எவனாவது வக்கீல் வந்து, அந்தம்மா புத்தி கலங்கிப் போய் உளறிட்டாங்கன்னு சொல்லிடக் கூடாது.

அரசாங்கம் பிடிச்ச வண்டிங்களை நிறுத்தி வைக்கற யார்டுக்கு நான் பொறுப்பு. திருட்டு வண்டி, பர்மிட் இல்லாத வண்டி, கடத்தல் வண்டி, ஆளை அடிச்ச வண்டி, எல்லாம் எங்ககிட்டதான் வரும். வந்தா லேசுல போகாது. கோர்ட்டு விடுன்னு சொன்னாத்தான் விடணும். அதுவரைக்கும் வெயில்ல காயும், மழையில நனையும். எங்ககிட்ட ஆளுங்களுக்குப் பேர் கிடையாது, வண்டிக்குத்தான் பேர். ஒரு பால் வண்டி இருந்துச்சு, அந்த ஆளை நாங்க பால்னுதான் சொல்வோம். கல்யாணத்துக்குப் போற வழியில பிடிபட்ட ஒரு காரோட சொந்தக்காரர், பாவம், கல்யாணமெல்லாம் முடிஞ்சு குழந்தை பிறந்த பிறகும் எங்களுக்கு மாப்பிள்ளைதான்.

நான் கெட்டவ கிடையாது சார். யார் வண்டி பிடிபட்டு வந்து நின்னாலும் நானே கூப்பிட்டுச் சொல்வேன். சும்மா கேட்டைப் பிடிச்சுக்கிட்டு அழாதீங்க, உடனே மனுப் போடுங்க, வழக்கு முடியற வரைக்கும் வண்டியைத் தங்கிட்ட வச்சுக்க அனுமதி கேளுங்க, லேட் பண்ணா டயர் எல்லாம் வெடிச்சுப் போயிடும்னு. எந்த வக்கீல் சுறுசுறுப்பு, எந்த வக்கீல் தூங்குமூஞ்சி, அதுகூடச் சொல்லி அனுப்புவேன். அப்படி என் பேச்சைக் கேட்டு வண்டியை மீட்டவங்க ஊர் பூரா இருக்காங்க.

இன்னொரு வழக்கமும் வச்சிருந்தேன். முன்னே ஒரு தடவை, எங்க யார்டுல இருந்து விடுதலையான ஒரு வண்டி, கேட்டைத் தாண்டினதும் புகைஞ்சு தீப்பிடிச்சுக்கிச்சு. எலி ஒயரைக் கடிச்சிருக்கு. ஆளுக்கு ஒண்ணும் ஆகலை, ஆனா என் மனசு அடிச்சுக்கிச்சு. அதுல இருந்து எந்த வண்டி வெளியே போனாலும் நான் டார்ச்சை எடுத்துக்கிட்டு அடியில படுத்துப் பார்ப்பேன். கடிச்ச இடத்தைக் காட்டி, இதை மாத்திட்டு எடுத்துட்டுப் போங்கன்னு சொல்வேன். எல்லாம் சரியா இருந்தா முன்கண்ணாடி ஓரத்துல சாக்பீஸால ஒரு டிக் போடுவேன். எலி பார்த்தாச்சுன்னு அர்த்தம். எந்தச் சட்டத்துலயும் இது இல்லை. ஆனா டிரைவருங்க வண்டியில ஏறுறதுக்கு முன்னாடி கோர்ட்டு உத்தரவைப் பார்க்க மாட்டாங்க, என் டிக்கைத்தான் பார்ப்பாங்க.

அப்படிப் பார்க்கறவங்கள்ல ஒருத்தன் ரிவர்ஸ். பேரு வேற என்னவோ, எங்களுக்கு அவன் ரிவர்ஸ். எங்க யார்டுல வண்டிங்க நெருக்கியடிச்சு நிக்கும், உள்ளே மாட்டின வண்டியை இடிக்காம பின்னாலயே எடுத்துக் கொண்டு வர்றது அவனால மட்டும்தான் முடியும். சொந்தமா வண்டி கிடையாது. அடுத்தவங்க வண்டியை மீட்டு வீட்டு வாசல்ல கொண்டுபோய் விடறதுதான் பொழைப்பு. வாய் ஓயாம பேசுவான். யார்டுக்குள்ள நுழையறப்பவே, அக்கா உங்க பிள்ளைங்கல்லாம் சௌக்கியமான்னு எலிங்களைப் பத்திக் கேட்பான். எனக்குச் சிரிப்பு வரும்.

இப்ப என் தம்பி.

எங்களுக்கு அப்பா அம்மா சீக்கிரமே போயிட்டாங்க. அவனைத் தூக்கி வளர்த்தது நான்தான். எனக்குக் கல்யாணம் காட்சின்னு ஒண்ணும் நடக்கலை, அதைப் பத்தி எனக்குக் குறையும் இல்லை. அவன் யார்டுக்குப் பக்கத்துலயே ஃபேன் ரிப்பேர் கடை வச்சிருந்தான். காலையில நான் ஆக்கி வச்சுட்டு முன்னாடி கிளம்பிடுவேன், மத்தியானம் அவன் சைக்கிள்ல ரெண்டு பேர் சாப்பாட்டையும் ஒரே டப்பாவுல போட்டு எடுத்துட்டு வருவான். தகரக் கொட்டகைக்குக் கீழே உட்கார்ந்து சாப்பிடுவோம். உப்பு ஜாஸ்தி, காரம் கம்மின்னு ஏதாவது நொட்டை சொல்லிக்கிட்டேதான் சாப்பிடுவான். கடைசியில டப்பாவை வழிச்சுக் காலி பண்ணிடுவான்.

அன்னைக்கு அவன் வரலை. சோம்பேறி, எங்கயோ கதை அடிச்சுக்கிட்டு நிக்கறான்னு நினைச்சேன். வரட்டும், நாக்கைப் பிடுங்கிக்கற மாதிரி நாலு கேள்வி கேட்கணும்னு மனசுக்குள்ள ஒவ்வொண்ணா அடுக்கி வச்சிருந்தேன். பிஸ்கட் தின்னு தண்ணி குடிச்சேன். நான் அவனைத் திட்டிக்கிட்டு இருந்த நேரம் பூராவும் அவன் சாக்கடை ஓரத்துல கிடந்திருக்கான். உசுரோட கிடந்திருக்கான் சார். உடனே தூக்கிட்டு வந்திருந்தா பிழைச்சிருப்பான்னு டாக்டர் சொன்னார். சொல்லாமலே இருந்திருக்கலாம், அவருக்கும் புரிஞ்சிருக்கும் என் மூஞ்சியைப் பார்த்து.

இடிச்சது ஒரு வேன். மெத்தைக் கடைக்காரர் ஒருத்தரோட வேன், அவரேதான் ஓட்டினது, போன் பேசிக்கிட்டே. இடிச்சுட்டு நிறுத்தலை. நேரா போய் யாரோ ஒரு வாடிக்கையாளர் வீட்டுல மெத்தையை இறக்கிக் கொடுத்திருக்கார். கடைக்கு வந்து வேனைக் கழுவியிருக்கார். கழுவின தண்ணி இன்னும் காயறதுக்குள்ள போலீஸ் போய்ப் பிடிச்சுட்டாங்க, அதுவரைக்கும் நல்லதுதான். வேனைக் கட்டி இழுத்துக்கிட்டு எங்க யார்டுக்குத்தான் கொண்டு வந்தாங்க. வேற எங்க கொண்டு போவாங்க, எல்லா வண்டியும் எங்ககிட்டதானே வரணும்.

எங்க மேலதிகாரி நல்ல மனுஷர். என்னைத் தனியாக் கூப்பிட்டு, இந்த வண்டியை வேற யார்டுக்கு மாத்திடட்டுமா, உங்க கண்ணு முன்னாடி வேணாமேன்னு கேட்டார். வேணாம் சார், வேலை வேற வீடு வேறன்னு சொன்னேன். அவருக்குக் கண்ணு கலங்கிடுச்சு. வண்டியை எங்கே நிறுத்தணும்னு நானே கையைக் காட்டினேன். கொட்டகைக்கு நேர் எதிர்ல, என் நாற்காலியில உட்கார்ந்தா பார்வைக்குப் படற இடத்துல.

வெள்ளை வேன். ரெண்டு பக்கமும் மெத்தை மேல ஒரு குழந்தை தூங்கற மாதிரி படம், கீழே 'நிம்மதியான உறக்கம், எங்கள் பொறுப்பு'ன்னு எழுத்து. உள்ளே விக்காத மெத்தை சிலது அப்படியே கிடந்துச்சு. எங்க பாஷையில அது மெத்தை வண்டி ஆயிடுச்சு, அந்த ஆளு மெத்தை ஆயிட்டார். தினமும் நான் அதையே பார்த்துக்கிட்டு உட்கார்ந்திருப்பேன். முதல்ல டயர்ல காத்து இறங்குச்சு. அப்புறம் வெயில்ல பெயிண்ட் உப்பிச்சு, குழந்தை மூஞ்சி உரிஞ்சுச்சு. அடியில புல்லு முளைச்சு பம்பர் வரைக்கும் வந்துச்சு. வீட்டுல எனக்குத் தூக்கமே கிடையாது. யார்டுல அதுக்கு எதிர்ல உட்கார்ந்தா மட்டும் மனசு கொஞ்சம் அடங்கும். அந்தாளு ஜாமீன்ல வெளியே சுத்தினாலும் அவன் சொத்து ஒண்ணு என் கண்ணு முன்னாடி அழுகிக்கிட்டு இருக்குதுல்ல, அந்த நிம்மதி.

ஒரு நாள் அந்தாளே வந்தார். நான் யாருன்னு அவருக்குத் தெரியாது. கோர்ட்டுல என்னைப் பார்த்திருப்பார், ஆனா அந்த மாதிரி ஆளுங்க நம்மள மாதிரி ஆளுங்க மூஞ்சியை எங்க ஞாபகம் வச்சுக்கப் போறாங்க. வண்டியைச் சுத்திச் சுத்திப் பார்த்தார். பெயிண்டைத் தடவிப் பார்த்து உச்சுக் கொட்டினார். எப்படிம்மா இப்படி ஆச்சுன்னு என்னைக் கேட்டார். வெயில்தான்னு சொன்னேன். என்ன கேஸ்னு தெரியாத மாதிரி கேட்டேன்.

"ஒரு சைக்கிள்காரன் குறுக்கே வந்துட்டான்ம்மா. என் நேரம்" அப்படின்னார்.

பாருங்க, செத்தது என் தம்பி, நேரம் சரியில்லாதது அவருக்கு. அதைச் சொல்லிட்டு வண்டியைக் கொஞ்சம் நல்லாப் பார்த்துக்கோங்கம்மான்னு கேட்டுக்கிட்டார். பார்த்துக்கறேன்னு சொன்னேன். மனுப் போட்டுட்டீங்களான்னும் கேட்டேன். அது வாய்ப் பழக்கம், எல்லார்கிட்டயும் கேக்கற கேள்வி, தன்னால வந்துடுச்சு. இன்னும் இல்லையேன்னார். சீக்கிரம் போடுங்க, ரப்பர் போயிடும்னு சொன்னேன். சுறுசுறுப்பான வக்கீல் பேரையும் நானே சொன்னேன். அதை நினைச்சா இப்பவும் என் வாயிலேயே ஒண்ணு போட்டுக்கணும் போல இருக்கு.

இப்ப சாப்பாட்டு விஷயம். என் கைக்கு ரெண்டு பேருக்கு ஆக்கித்தான் பழக்கம். தம்பி போன பிறகும் அளவு மாறலை, மாத்த முடியலை. டப்பாவைத் திறந்தா பாதி மிஞ்சும். கொட்டவும் மனசு வரலை, அவன் பங்கு அது. ஒரு நாள் அதை எடுத்துட்டுப் போய் மெத்தை வண்டிக்கு அடியில வச்சேன். ஏன் அங்க வச்சேன்னு கேட்டா எனக்குச் சரியாச் சொல்லத் தெரியலை. முதல்ல எந்த நினைப்பும் இல்லை, சத்தியமா. மறுநாள் போய்ப் பார்த்தா துடைச்சு வச்ச மாதிரி இருந்துச்சு. சரி, யாரோ சாப்பிடறாங்கன்னு ஒரு திருப்தி. தினமும் வைக்க ஆரம்பிச்சேன்.

எலிங்க குடும்பம் குடித்தனமா அங்கேயே வந்துடுச்சு. உள்ளே மெத்தை, கீழே சாப்பாடு, வேறென்ன வேணும். டார்ச் அடிச்சுப் பார்த்தா சின்னதும் பெருசுமா கண்ணு மின்னும். ஒரு நாள் குனிஞ்சு பார்க்கறப்ப, முன்சக்கரத்துக்குப் பின்னாடி பிரேக் எண்ணெய் போற ரப்பர் குழாய் மேல லேசாப் பல்லு பட்டிருந்துச்சு. மேல்தோல்ல ஒரு கீறல், அவ்வளவுதான். நான் அதை ரொம்ப நேரம் பார்த்துக்கிட்டே படுத்திருந்தேன். அடுத்த நாள்ல இருந்து சாப்பாட்டைத் தரையில வைக்கலை, அந்தக் குழாய்க்கு ஒட்டினாப்புல வச்சேன். குழாய் மேல கொஞ்சம் வெண்ணெயைத் தடவினேன். அதுவும் தினமும் இல்லை, வீட்டுல இருந்தா மட்டும்தான்.

நான் கத்தியைத் தொடலை சார். ஒரு நட்டைக் கழட்டலை. எலி கடிக்கறதைக் கடிச்சுச்சு, நான் சாப்பாடு வச்சேன். வாயில்லா ஜீவனுக்குச் சாப்பாடு வைக்கறது தப்புன்னு யாரும் சொல்ல மாட்டாங்க.

சாயங்காலம் கிளம்பறதுக்கு முன்னாடி டார்ச்சோட போய்ப் பார்த்துட்டு வருவேன். எலி பார்க்கறது என் வழக்கம்னு எல்லாருக்கும் தெரியும், அதனால யாரும் ஒண்ணும் நினைக்கலை. மேல்தோல் போச்சு, நடுவுல இருக்கற நூல் பின்னல் போச்சு, கடைசியில உள்தோல் மட்டும் மெல்லிசா மிஞ்சிச்சு. இனிமே போதும்னு அந்த இடத்துல சாப்பாடு வைக்கறதை நிறுத்தினேன், குழாய் மேல கொஞ்சம் டீசல் தடவி விட்டேன், அந்த வாடைக்கு எலி கிட்ட வராது. மெதுவா மிதிச்சா பிரேக் பிடிக்கும், அவசரத்துல அழுத்தி மிதிச்சாப் பிடிக்காது. எத்தனையோ வண்டிக்கு அடியில படுத்தவ நான், அதைப் புரிஞ்சுக்கறதுக்குப் படிச்சிருக்க வேண்டியதில்லை.

மனு விசாரணைக்கு வந்தப்ப நானும் போய்க் கடைசிப் பெஞ்சுல உட்கார்ந்தேன். நீதிபதி ஒரு அம்மா. பொறுமையா ரெண்டு பக்கமும் கேட்டாங்க. வண்டி இப்படி வெயிலிலயும் மழையிலயும் நின்னு வீணாப் போறதால யாருக்கும் பிரயோஜனம் இல்லை, வண்டியை அவர்கிட்ட விடலாம், ஆனா கேட்டப்ப கொண்டு வந்து நிறுத்தணும், விக்கக் கூடாது, மாத்தக் கூடாதுன்னு சொல்லி உத்தரவு போட்டாங்க. அவங்க மேல எனக்குக் கோபம் இல்லை. நான் வருஷக்கணக்கா எல்லார்கிட்டயும் சொல்லிக்கிட்டு இருந்ததைத்தான் அவங்களும் சொன்னாங்க. ஆனா எனக்கு நெஞ்சு எரிஞ்சுச்சு. தம்பியை யாரும் எனக்குத் திருப்பித் தர உத்தரவு போட முடியாது, அந்தாளு வண்டியை மட்டும் திருப்பித் தரலாம். எனக்கு அப்பவும் கோபம், இப்பவும் கோபம். இதை மறைச்சு என்ன ஆகப் போகுது.

எங்க யார்டுல இருந்து ரோடு சரிவா இறங்கும். கீழே போய் முடியற இடத்துல ஒரு பக்கம் பஸ் ஸ்டாப், இன்னொரு பக்கம் தண்ணி பம்ப் பண்ற கட்டடத்தோட சுவர். எந்த வண்டியா இருந்தாலும் அங்கதான் முதல் தடவையா அழுத்தி மிதிக்கணும். மெத்தை தன் வண்டியைத் தானே ஓட்டுவார், யாரையும் தொட விடமாட்டார்னு கேள்விப்பட்டிருந்தேன். அவருக்கு என் டிக் வழக்கமும் தெரியாது. அதனால நான் டிக் போடப் போறதில்லை, பொய்யும் சொல்லப் போறதில்லை. வந்து சாவியை வாங்குவார், போவார். அவ்வளவு சுலபமா நினைச்சிருந்தேன்.

காலையில உத்தரவோட வந்தார். கூட ரிவர்ஸ் வந்தான்.

எனக்கு ஒரு நிமிஷம் ஒண்ணும் புரியலை. அப்புறம்தான் தெரிஞ்சுச்சு, ஜாமீன் கொடுத்தப்பவே வழக்கு முடியற வரைக்கும் அந்தாளோட லைசென்ஸை நிறுத்தி வச்சிருக்காங்க, அவர் எந்த வண்டியையும் ஓட்டக் கூடாது. அது வேற நாள், வேற உத்தரவு, நான் போகலை. தப்பு என் மேலதான். வண்டியையும் ஆளையும் ஒரே பேர்ல கூப்பிட்டுப் பழகிட்டேன். மெத்தை போறார்னா மெத்தை வண்டியை ஓட்டிக்கிட்டுத்தான் போவார்னு இருந்துட்டேன். எங்க யார்டு ஆளுங்களைத் தவிர வேற யாருக்கும் இப்படி ஒரு தப்பு வராது.

ரிவர்ஸ் புது பேட்டரி போட்டான், காத்து அடிச்சான், புல்லை உதைச்சுத் தள்ளினான். கோர்ட்டுல கொடுக்கறதுக்காக ஒருத்தர் வண்டியை நாலு பக்கமும் படம் எடுத்தார், அடியில யாரும் எடுக்கறதில்லை. ரிவர்ஸ் உள்ளே ஏறி ரெண்டு தடவை பிரேக்கை மிதிச்சுப் பார்த்தான், பிடிச்சுச்சு. நெருக்கத்துக்குள்ள இருந்து அழகாப் பின்னால எடுத்துக்கிட்டு வந்து கேட்டுக்கு முன்னாடி நிறுத்தினான். மெத்தை டிரைவருக்குப் பக்கத்துச் சீட்டுல ஏறி உட்கார்ந்துக்கிட்டார். சரி, அவரும் இருக்கார்னு நினைச்சேன். ரிவர்ஸ் கண்ணாடியைப் பார்த்தான், என்னைப் பார்த்தான்.

"அக்கா, டிக் காணோமே?"

மெத்தை என்ன டிக்குன்னு கேட்டார். இவன் பெருமையா விளக்கம் சொன்னான். அக்கா டிக் போட்டா கண்ணை மூடிக்கிட்டு ஓட்டலாம் சார், இல்லைன்னா நான் இறங்கி ஒரு தடவை படுத்துப் பார்த்துட்டுத்தான் எடுப்பேன்னு. சொல்லிக்கிட்டே கதவைத் திறந்து ஒரு காலைக் கீழே வச்சான். அவன் படுத்துப் பார்த்தா முடிஞ்சுது கதை. என் தம்பி பங்குச் சாப்பாடு அத்தனை நாளும் வீணாப் போயிடும். நான் இடுப்புல செருகியிருந்த சாக்பீஸை எடுத்தேன்.

"எலி பார்த்தாச்சு" அப்படின்னு சொல்லி டிக் போட்டேன்.

"அப்பச் சரி" அப்படின்னு காலை உள்ளே எடுத்துக்கிட்டான்.

அவனும் இருக்கான், எனக்குத் தெரியாம இல்லை. ஆனா மெத்தையும் இருக்கார்ல. அவன் கெட்டிக்காரன், எப்படியாவது தப்பிச்சுக்குவான்னு நினைச்சேன். நான் போய்க் கேட்டைத் திறந்தேன். வண்டி கேட்டுக்குள்ள பாதி வந்திருக்கும், மெத்தை நிறுத்து நிறுத்துன்னு கத்திக்கிட்டு இறங்கிட்டார். எலி நாத்தம். அத்தனை எலியும் அந்த மெத்தையில குடும்பம் நடத்தின நாத்தம், குடலைப் புரட்டுது, இதுல மனுஷன் உட்காருவானா, நான் பின்னாடி வேற வண்டி பிடிச்சு வர்றேன்னு மூக்கைப் பொத்திக்கிட்டு நின்னார்.

"ஏன் சார், நான் மட்டும் என்ன எலியா?" அப்படின்னு ரிவர்ஸ் கேட்டுட்டுச் சிரிச்சான். என்னைப் பார்த்து மூக்கைப் பிடிச்சுக் காட்டினான்.

அந்த இடத்தைக் கவனமா எழுதிக்கோங்க. நான் கேட்டைப் பிடிச்சுக்கிட்டு நிக்கறேன். அவன் எனக்குக் கை நீட்டினாத் தொடற தூரத்துல இருக்கான். ஒரு வார்த்தை, இருடான்னு ஒரு வார்த்தை சொன்னாப் போதும். வாய் வரைக்கும் வந்துச்சு. சொன்னா ஏன்னு கேப்பான், அடியில பார்ப்பாங்க, குழாயை மாத்துவாங்க, வண்டி நல்லா ஆயிடும். நாளைக்கே புதுப் பெயிண்ட் அடிச்சு, அந்தக் குழந்தைக்குப் புது மூஞ்சி வரைஞ்சு, மெத்தை ஏத்திக்கிட்டு ஊர் சுத்தும். அதை என்னால நினைச்சுக்கூடப் பார்க்க முடியலை. அந்த வண்டி ஒழியணும். எனக்கு அது மட்டும்தான் தோணுச்சு. போயிட்டு வான்னு தலையை ஆட்டினேன்.

சத்தம் யார்டு வரைக்கும் கேட்டுச்சு. பஸ் ஸ்டாப்புல நிறையப் பேர் நின்னிருக்காங்க, ஸ்கூல் பிள்ளைங்களும் இருந்திருக்காங்க. ரிவர்ஸ் ஸ்டியரிங்கை ஒடிச்சுச் சுவர்ப் பக்கம் திருப்பிட்டான்னு பார்த்தவங்க சொன்னாங்க. நல்ல டிரைவர்னா அவன்தான். ஆஸ்பத்திரிக்குக் கொண்டு போறதுக்கு முன்னாடியே போயிட்டான். மெத்தை ரோட்டுல நின்னு போன்ல யார்கிட்டயோ, நான் தப்பிச்சேன், கடவுள் இருக்கார்னு சொல்லிக்கிட்டு இருந்தார்.

வண்டியைத் திரும்பவும் எங்ககிட்டதான் இழுத்துட்டு வந்தாங்க. முன்பக்கம் நசுங்கி இருந்துச்சு. அது நின்ன இடம் காலியாத்தான் இருந்துச்சு, அங்கேயே நிறுத்தச் சொன்னேன். என் டிக் உடைஞ்ச கண்ணாடி ஓரத்துல அப்படியே இருந்துச்சு. சோதனை பண்ண வந்த அதிகாரி அடியில பார்த்துட்டு எலிக்கடின்னு எழுதிட்டுப் போயிட்டார். என்னைக் கேட்டாங்க, நான் பார்த்தப்ப நல்லா இருந்துச்சுன்னு சொன்னேன். யாரும் சந்தேகப்படலை. உங்க மேல தப்பில்லைன்னு எங்க மேலதிகாரி எனக்கு ஆறுதல் வேற சொன்னார்.

ரிவர்ஸோட சம்சாரம் தினமும் வர ஆரம்பிச்சுச்சு. சின்னப் பொண்ணுதான். கேட்டுக்கு வெளியே நின்னு வண்டியைப் பார்க்கும். ஒரு நாள் உள்ளே கூப்பிட்டு உட்கார வச்சேன். "அவர் எப்பவும் சொல்வார்க்கா, அக்கா பார்த்தா பார்த்ததுதான்னு. நீங்க பார்த்தப்ப நல்லாத்தான் இருந்திருக்கும், அதுக்கப்புறம் கடிச்சிருக்கும்" அப்படின்னு அதுவே எனக்குச் சமாதானம் சொல்லுச்சு. டப்பாவைத் திறந்து தம்பி பங்கை அதுக்குப் போட்டுக் கொடுத்தேன். சாப்பிடலை. கையிலயே வச்சுக்கிட்டு வண்டியையே பார்த்துக்கிட்டு உட்கார்ந்திருந்துச்சு. எனக்கு என்னையே பார்க்கற மாதிரி இருந்துச்சு சார், அதான் உண்மை.

அதனாலதான் மனசு கேட்காம வந்துட்டேன்னு நீங்க நினைக்கறீங்க. எழுதுறவர்கூட நிமிர்ந்து பார்க்கறார். அப்படியே எழுதிக்கிட்டாலும் எனக்கு ஆட்சேபணை இல்லை. ஆனா நடந்ததைச் சொல்றேன். நேத்து மெத்தையோட வக்கீல் வந்திருந்தார், நான் பேர் சொல்லி அனுப்பின அதே வக்கீல். திரும்பவும் மனுப் போட்டாச்சாம். எலிக்கடிதானே, விபத்துதானே, யார் மேலயும் குத்தம் இல்லையே, வண்டியை விட்டுடுவாங்க, முன்பக்கத்தைத் தட்டி எடுத்துப் பெயிண்ட் அடிச்சா ஓடும்னு சிரிச்சுக்கிட்டே சொன்னார். ராத்திரி பூரா யோசிச்சேன்.

விபத்துன்னா வண்டியை விட்டுடுவாங்க. கொலைன்னா? கொலை பண்ணப் பயன்படுத்தின பொருளைக் கோர்ட்டு அவ்வளவு சீக்கிரம் திருப்பித் தராது, இல்லையா? எங்க யார்டுல அப்படி ஒரு கார் நிக்குது, நான் வேலைக்குச் சேர்றதுக்கு முன்னாடி வந்தது, இன்னும் நிக்குது. அதனால நீங்க தெளிவா எழுதணும். தெரிஞ்சே செஞ்சேன், ஆள் உள்ளே இருக்கான்னு தெரிஞ்சே டிக் போட்டேன், நிறுத்த நேரம் இருந்தும் நிறுத்தலை, கொன்னது நான், ஆயுதம் அந்த வண்டி. வண்டின்னு சொல்ற இடத்துல நம்பரைச் சரியாப் போடுங்க, ஒரு எழுத்து தப்பாப் போனாலும் அந்த வக்கீல் பிடிச்சுக்குவார். குழாயைத் தனியாக் கழட்டி எடுத்துட்டு வண்டியை விட்டுடப் போறாங்க, மொத்த வண்டியும் வேணும்னு எழுதுங்க. எங்க கையெழுத்துப் போடணுமோ காட்டுங்க.

என் இடத்துக்கு யார் வந்தாலும் ஒண்ணே ஒண்ணு சொல்லிடுங்க. அந்த வண்டியை இடம் மாத்த வேணாம். ரிவர்ஸ் சம்சாரம் வந்தா வெளியே நிக்க விடாம உள்ளே கூப்பிடச் சொல்லுங்க. கொட்டகைக்குக் கீழே என் நாற்காலி இருக்கு, நேர் எதிர்லதான் வண்டி. அது கொஞ்சம் கொஞ்சமாத் துருப்பிடிக்கறதைத் தினமும் உட்கார்ந்து பார்த்தா அந்தப் பொண்ணுக்கும் மனசு ஆறிடும். எனக்கு ஆறுச்சு.